பத்திரம்

"பத்திரம் பத்திரமா இருக்கா?" பூலாம்பாடியில் இப்படிக் கேட்டால் யாருக்கும் குழப்பமில்லை. ஒலி ஒன்று, சொல் இரண்டு. ஆவணப் பத்திரம், இலை என்று பொருள்படும் வடசொல்லின் வழி வந்தது. ஓலையில் எழுதிய காலத்தின் மிச்சம். 'பாதுகாப்பாக' என்னும் பத்திரம், நலம், மங்கலம் என்னும் வேறொரு வடசொல்லின் வழி வந்தது. தமிழெழுத்தில் இரண்டும் ஒன்றாயின. கடனை அடைத்து, மடிப்பு நைந்த தாய்ப்பத்திரத்தை வாங்கி முந்தானையில் துடைக்கும் அம்மாவுக்கும் இரண்டும் ஒன்றே.

அப்படிப் பத்திரத்தைத் திரும்பப் பெற 1.12.2023 முதல் ரிசர்வ் வங்கி விதி இது: வீட்டுக்கடன் போன்ற தனிநபர் கடன் முழுதும் தீர்ந்த 30 நாளுக்குள் வங்கி மூலப்பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும், தன் தவறால் தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. அடமானம் பதிவாகியிருந்தால் கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்து, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள்.