ஈட்டின் பேச்சுநடை

சிங்கப்பெருமாள் கோவிலில் பாடலாத்ரி நரசிம்மர் குன்றைக் குடைந்த குகையில் வீற்றிருக்கிறார்; அவரை வலம்வர, குன்றையே சுற்ற வேண்டும். ஆரத்தியின்போது அர்ச்சகர் திருநாமத்தை விலக்கி நெற்றிக்கண்ணைக் காட்டுவார். தத்துவம் எழுதுகிறவரின் வேலையும் இப்படி விலக்கிக் காட்டுவதுதான் என்பேன். தமிழில் அதை அழகாகச் செய்தது அந்தப் பெருமாளைப் பாடும் வைணவர்களின் உரைமரபு. 13ஆம் நூற்றாண்டில் திருவரங்கத்தில் வைணவ ஆசாரியர் நம்பிள்ளை திருவாய்மொழிப் பாசுரங்களுக்குச் சொன்ன விளக்கங்களை வடக்குத் திருவீதிப் பிள்ளை ஏட்டில் எழுதினார், அதுவே ஈடு. உரைநூலின் அளவைப் படியால் சொல்வார்கள்; 32 எழுத்து ஒரு படி. ஈடு 36,000 படி. அவ்வளவு பெரிய நூல் இன்றும் உயிரோடிருக்கக் காரணம், அது கேட்பவர் முகம் பார்த்துச் சொல்லப்பட்டதுதான். ஐயம் எழும் இடத்திலேயே கேள்வி வருகிறது, பதில் உடனே பின்தொடர்கிறது.

ஈட்டின் நடையான, வடசொல் மலிந்த மணிப்பிரவாளம் எப்படித் தெளிவாகும் என்று கேட்கலாம். சொற்கள் கடினம்தான், மறுக்கவில்லை. ஆனால் கடந்த நூற்றாண்டில் பு.ரா. புருஷோத்தம நாயுடு ஈட்டைத் தமிழாக்கியபோது வடசொற்கள் தமிழாயின, வாதத்தின் வரிசை குலையவில்லை. தெளிவு அந்த வரிசையில் இருந்தது. பக்தருக்குச் சொன்னது தத்துவமாகுமா என்பது அடுத்த ஐயம். பக்தர் சபையிலும் நம்பிள்ளை எதிர்க்கேள்வியை மறைக்கவில்லை. அதை முன்வைத்த பிறகே தம் விடையைச் சொன்னார்.