கனமான கட்டைகளின் கதை



இன்று மேடையின் ஓரத்தில் நீளமான கறுப்புக் கருவி ஒன்று இருப்பதைக் கண்டிருப்பீர்கள். அதுதான் இவ்வாண்டு நம் பள்ளிக்கு வந்து சேர்ந்த டிஜிட்டல் மேடைப் பியானோ. அதை வாங்குவதற்கு முன் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில் பெரிய வாக்குவாதமே நடந்தது. ஏனென்றால், அதன் விலையில் பாதிகூட இல்லாமல் நூற்றுக்கணக்கான ஓசைகளும் தாளங்களும் கொண்ட கீபோர்டு கடையில் கிடைக்கிறது. "ரெண்டுலயும் சத்தம் வருது, ரெண்டுலயும் கறுப்பு வெள்ளைக் கட்டை இருக்கு. அப்புறம் எதுக்கு சார் இவ்ளோ காசு?" என்று ஒரு தாயார் எழுந்து கேட்டார்.

நியாயமான கேள்வி. செம்பனைத் தோட்டத்தில் வெயிலில் உழைத்த காசு அல்லவா? அன்று நான் சொன்ன பதில் அரைகுறையானது. முழுப் பதிலும் 300 ஆண்டு வரலாற்றில் இருக்கிறது. அதை இங்கே சொல்கிறேன்.

பியானோ பிறப்பதற்கு முன் ஐரோப்பாவில் ஹார்ப்சிகார்டு என்ற கருவி இருந்தது. அதன் கட்டையை அழுத்தினால் உள்ளே பறவை இறகின் தண்டு ஒன்று கம்பியைச் சுண்டிவிடும். மெதுவாக அழுத்தினாலும் ஓங்கி அழுத்தினாலும் ஓசையின் அளவு ஏறக்குறைய ஒன்றேதான். நாம் அறிந்த ஆர்மோனியத்தை நினைத்துப் பாருங்கள். அதில் ஓசையைக் கூட்டுவதும் குறைப்பதும் துருத்தியை இயக்கும் கை. கட்டையை அழுத்தும் விரல் அல்ல. மிருதங்கமோ அப்படி இல்லை. விரல் விழும் வேகமே அதன் ஓசை.

கட்டைக் கருவிக்கும் அந்த உயிரைக் கொடுத்தவர் பார்த்தலோமியோ கிறிஸ்தோஃபோரி என்பவர். 1655-இல் இத்தாலி நாட்டின் பாதுவா நகரில் பிறந்து, ஃபுளோரன்ஸ் நகர மெடிசி இளவரசரின் இசைக்கருவிகளைப் பராமரித்து வந்தவர். இறகுத் தண்டுக்குப் பதிலாக அவர் சிறு சுத்தியலை வைத்தார். கட்டையை அழுத்தினால் சுத்தியல் மேலே எறியப்பட்டுக் கம்பியைத் தட்டும், உடனே விலகிவிடும், கம்பி பாடிக்கொண்டே இருக்கும். 1700-ஆம் ஆண்டு அரண்மனைப் பொருள் பட்டியலிலேயே, மெல்லவும் உரக்கவும் ஒலிக்கும் புதுக் கருவி என்று அது பதிவாகியிருக்கிறது. இத்தாலிய மொழியில் மெல்ல என்பதற்குப் 'பியானோ', உரக்க என்பதற்குப் 'ஃபோர்தே'. அந்த நீண்ட பெயரின் பாதிதான் இன்றைய பியானோ. அவர் செய்தவற்றில் மூன்று இன்றும் இருக்கின்றன. 1720-இல் செய்தது நியூயார்க்கில் உள்ள ஓர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

பிறகு கருவி வளர்ந்தது. 1821-இல் பாரிஸ் நகரத்து செபாஸ்தியான் எரார் என்பவர், கட்டை முழுவதும் மேலே வருமுன்பே மீண்டும் தட்டக்கூடிய அமைப்புக்கு உரிமம் பெற்றார். 1825-இல் அமெரிக்காவின் பாஸ்டனில் ஆல்ஃபியஸ் பாப்காக் ஒரே வார்ப்பாக இரும்புச் சட்டம் செய்தார். இரும்பு ஏன் என்கிறீர்களா? ஒரு பியானோவின் எல்லாக் கம்பிகளின் இழுப்பையும் கூட்டினால் 15 டன்னுக்கு மேல் வரும்! கம்பி தடித்தது, சுத்தியலும் பெருத்தது, கட்டையும் கனத்தது. ஒரு கட்டையை மெதுவாக இறக்க ஏறக்குறைய 50 கிராம் பாரம் வேண்டும். இடப்பக்கத்தில் சுத்தியல் பெரிது, அதனால் கனம் கூடுதல். வலப்பக்கம் போகப் போகக் குறையும். கட்டைகளின் எண்ணிக்கை 1880-களில் 88 ஆயிற்று. இன்றும் அதுவே வழக்கம்.

இக்கதையில் ஒரு பள்ளிக்கூடமும் வருகிறது. 1887-இல் ஜப்பான் நாட்டின் ஹமாமட்சு ஊர்ப் பள்ளியில் ஓர் ஆர்கன் பழுதாகிவிட்டது. மருத்துவக் கருவிகளைப் பழுதுபார்க்கும் தொராகுசு யமஹா என்பவரை அழைத்தார்கள். அவர் அதைச் சரிசெய்ததோடு நிற்கவில்லை. "இதை நாமே செய்தால் என்ன?" என்று எண்ணி ஒன்றைச் செய்தும் விட்டார். அதைக் காவடிபோல் தோளில் சுமந்து, நண்பரோடு ஹக்கோனே மலையைக் கடந்து தோக்கியோ இசைப் பள்ளிக்குக் கொண்டுபோனார். சுருதி சரியில்லை என்று சொல்லிவிட்டார்கள். மனம் தளராமல் அங்கேயே தங்கிச் சுருதிப் பாடம் படித்துத் திரும்பினார். அடுத்த ஆர்கன் பாராட்டுப் பெற்றது. 1897-இல் நிறுவனம், 1900-இல் முதல் பியானோ. மாணவர்களே, ஒரு பள்ளிக்கூடத்து ஓட்டை ஆர்கனிலிருந்து கிளம்பியது இவ்வளவும்!

ஆனால் உண்மையான பியானோ நமக்குத் தோதுப்படுமா? சுவரோரம் நிற்கும் சிறிய பியானோவே 200 கிலோவை ஒட்டி இருக்கும். நம் நாட்டு ஈரக் காற்றில் மரம் உப்பும், கம்பி துருப்பிடிக்கும், சுருதி கலையும். மேடைக்கு மேடை தூக்கிப் போகவும் முடியாது.

தூக்கிப் போகும் பியானோவைத் தேடியவர்களில் முன்னோடி அமெரிக்கர் ஹரால்ட் ரோட்ஸ். இரண்டாம் உலகப் போரின்போது, காயம்பட்ட வீரர்கள் படுக்கையிலேயே கற்க, பழைய விமானத்தின் அலுமினியக் குழாய்களைக் கொண்டு 29 கட்டைச் சிறு பியானோ செய்தவர் அவர். 1970-இல் அவருடைய மின்சாரப் பியானோவின் மேடை வடிவம் வெளிவந்தது. 1974-இல் ஜப்பானின் ரோலண்ட் நிறுவனம், விரலின் வேகத்தை உணரும் மின்னணுப் பியானோவைக் கொண்டுவந்தது. 1984-இல் அமெரிக்காவின் ரே கர்ஸ்வைல், உண்மைப் பியானோவின் ஓசையைப் பதிவுசெய்து சில்லுகளில் அடைத்து, கனமான 88 கட்டைகளோடு ஒரு கருவியை வெளியிட்டார். கண்பார்வையற்ற பாடகர் ஸ்டீவி வொண்டரோடு 1982-இல் நடந்த உரையாடலே அதற்கு வித்து. 1986-இல் ரோலண்டின் ஆர்டி-1000 வந்தபின் டிஜிட்டல் மேடைப் பியானோ வேரூன்றியது.

இதில் கம்பி கிடையாது. ஆனாலும் ஒவ்வொரு கட்டையோடும் ஒரு சிறு சுத்தியல் பாரம் அசைகிறது. கட்டை இறங்கும் வேகத்தை உணர்வான்கள் அளந்து ஓசையின் அளவைத் தீர்மானிக்கின்றன. மலிவான கீபோர்டில் இந்தப் பாரம் இல்லை; வெறும் வில்சுருள்தான்.

இனி அந்தத் தாயாரின் கேள்விக்கு வருவோம். சில ஆண்டுகளுக்கு முன் நம் மாணவி ஒருத்தி பட்டணத்தில் ஒரு போட்டிக்குப் போனாள். இங்கே இலேசான கீபோர்டில் ஒரு பிழை இல்லாமல் வாசித்தவள். அங்கே இருந்ததோ உண்மைப் பியானோ. பாதிச் சுரம் கேட்கவே இல்லை, விரல் சோர்ந்துவிட்டது. "சார், கட்டை இறங்கவே மாட்டேங்குது" என்று அழுதுகொண்டே வந்தாள். பிழை அவளுடையதல்ல. நாங்கள் கொடுத்த கருவியுடையது.

ஆகவே இம்முறை கடையில் வரலாற்றையே அளவுகோலாக வைத்தோம். மிக மெல்ல அழுத்தினால் மெல்லிய ஓசை வருகிறதா? அது கிறிஸ்தோஃபோரி சோதனை. ஒரே கட்டையை விரைவாகத் தட்டினால் ஒவ்வொரு தட்டும் கேட்கிறதா? அது எரார் சோதனை. இடப்பக்கம் கனமாகவும் வலப்பக்கம் இலேசாகவும் இருக்கிறதா? 88 கட்டையும் உண்டா? அழுத்திப் பிடித்தால் ஓசை மெல்ல மெல்லத் தேய்கிறதா? பெட்டியில் 'கனம்' என்று போட்டிருப்பதை மட்டும் நம்பக்கூடாது. சிலவற்றில் வில்சுருளோடு கொஞ்சம் பாரம் சேர்த்து 'அரைக்கனம்' என்று விற்கிறார்கள். மேடைப் பியானோ பலவற்றில் ஒலிபெருக்கி இருக்காது. அதற்கும் காசு ஒதுக்கவேண்டும். மிதிகட்டையையும் தாங்கியையும் மறக்கக்கூடாது. இரண்டு பேர் தூக்க முடிகிறதா என்று தூக்கியும் பார்த்தோம்.

பால்மரம் வெட்டிய நம் பாட்டிமாரைக் கேளுங்கள். கத்தி ஆழமாகப் போனால் மரம் காயப்படும். மேலாகப் போனால் பால் வராது. அந்த அளவைக் கைதான் கற்றது, நாள்தோறும் மரத்தின்மேல். காற்றில் கத்தியை வீசி யாரும் பால்வெட்டுக் கற்றதில்லை. பியானோவும் அப்படித்தான்.

விழா முடிந்ததும், கேள்வி கேட்ட அந்த அம்மா உட்பட எல்லாரும் மேடைக்கு வாருங்கள். ஒரு கட்டையை அழுத்திப் பாருங்கள். உங்கள் காசு எங்கே போனது என்று உங்கள் விரலே சொல்லும்.

வாழ்க நம் பள்ளி! வளர்க நம் பிள்ளைகள்!