மலையேறிய வட்டுகள்: பழனி மலைத்தொடரும் கணினி விளையாட்டுகளும்

கணினி விளையாட்டுகளின் வரலாறு பெரும்பாலும் அவற்றை உருவாக்கிய நிறுவனங்களின் வரலாறாகவே எழுதப்படுகிறது. ஆனால் ஒரு விளையாட்டு தொலைவிலிருக்கும் ஒரு வீட்டின் கணினிக்கு வந்து சேர்ந்து, அந்தக் கணினியின் நினைவகத்துக்கும் ஒலி அட்டைக்கும் திரைக்கும் பொருந்துமாறு அமைக்கப்பட்டு, முதன்முறையாக ஓடத் தொடங்கும் வரை நிகழ்ந்தவற்றுக்குத் தனியொரு வரலாறு உண்டு. நிறுவுதல் அல்லது பேச்சு வழக்கில் இன்ஸ்டால் செய்தல் என்று அழைக்கப்படும் இச்செயல் இன்று ஒரு பொத்தானை அழுத்துவதோடு முடிந்துவிடுகிறது. ஏறத்தாழ கால் நூற்றாண்டுக் காலம் அது கைத்திறனையும், ஆளறிமுகத்தையும், சாலைப் போக்குவரத்தையும் நம்பியிருந்தது. அந்த நம்பியிருப்பு நகரங்களில் கண்ணுக்குப் படாமல் போகலாம். சாலை முடியும் இடத்தில் இருக்கும் மலையூர்களை வைத்துப் பார்க்கும்போது அது தெளிவாகப் புலப்படுகிறது.

பழனி மலைத்தொடர் மேல்மலை, கீழ்மலை என்று இரண்டாகப் பகுத்து வழங்கப்படுகிறது. பூம்பாறை, மன்னவனூர், கவுஞ்சி முதலிய ஊர்கள் மேல்மலையிலும், பண்ணைக்காடு, தாண்டிக்குடி முதலியவை கீழ்மலையிலும் அமைந்துள்ளன. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,100 மீட்டர் உயரத்திலுள்ள கொடைக்கானலுக்கு வத்தலக்குண்டு வழியாக ஒன்றும் பழனி வழியாக ஒன்றுமாக இரண்டு முதன்மை மலைப்பாதைகள் செல்கின்றன. இந்த உயரம் காரணமாகவே தூர்தர்ஷனின் உயர்திறன் ஒளிபரப்பு நிலையமும், கோடை பண்பலை என்று கேட்போர் அறிந்த வானொலி நிலையமும் இங்கு அமைந்தன. தென்மாவட்டங்களின் வீடுகளுக்குப் படமும் பாட்டும் மலையிலிருந்து இறங்கின. கணினி விளையாட்டு எதிர்த்திசையில் வந்தது. அலையாகப் பரப்பப்படாத அது, வட்டாகப் பையில் வைக்கப்பட்டு, மதுரையிலிருந்தோ திண்டுக்கல்லிலிருந்தோ பேருந்தில் கொண்டைஊசி வளைவுகளைக் கடந்து மேலேற வேண்டியிருந்தது.

இந்தியாவில் கணினி பொதுமக்களின் கண்ணில் படத் தொடங்கிய 1980-களில் நிறுவுதல் என்ற செயலே இல்லை. 1984-இல் மத்திய அரசு தொடங்கிய பள்ளிக் கணினிக் கல்வித் திட்டத்தில், முதற்கட்டமாக 250 மேல்நிலைப் பள்ளிகளைக் கணக்கில் கொண்டு, பிரிட்டனின் பிபிசி மைக்ரோ கணினிகள் வழங்கப்பட்டன. அக்காலத்துச் சிறு கணினிகள் பலவற்றில் தரவை நிலையாகச் சேமிக்கும் உள்வட்டு கிடையாது. ஒலிநாடாவிலிருந்தோ வெளிவட்டிலிருந்தோ விளையாட்டு ஒவ்வொரு முறையும் புதிதாக ஏற்றப்பட்டது. மின்சாரத்தை அணைத்ததும் அது நினைவகத்திலிருந்து மறைந்தது. அதே ஆண்டு நவம்பரில் அறிவிக்கப்பட்ட புதிய கணினிக் கொள்கை இறக்குமதிக் கட்டுப்பாடுகளைத் தளர்த்தியது. ஐபிஎம் வகைக் கணினிகளும் அவற்றோடு டாஸ் என்னும் இயக்கமுறைமையும் பரவிய பிறகுதான் இங்கே கூற வேண்டிய கதை தொடங்குகிறது.

டாஸ் காலத்தில் விளையாட்டு ஃபிளாப்பி என்னும் நெகிழ்வட்டில் வந்தது. அளவில் பெரிய ஐந்தேகால் அங்குல வட்டு 360 கிலோபைட்டையும், பின்னர் வந்த மூன்றரை அங்குல வட்டு 1.44 மெகாபைட்டையும் தாங்கின. 1990-இல் டாஸுக்கு வந்த ‘பிரின்ஸ் ஆஃப் பெர்சியா’, அதே காலத்து ‘டேஞ்சரஸ் டேவ்’ ஆகியவை ஒரே வட்டில் அடங்கியமையால், இந்தியப் பள்ளிகளின் கணினி அறைகளில் அவை கைமாறிக் கைமாறிப் பரவின. கோப்புகளைப் படியெடுத்து, ஃபோல்டர் என்னும் உறையில் போட்டு, அதன் பெயரைத் தட்டினால் விளையாட்டு ஓடியது. ஆனால் தயாரிப்பாளர்கள் படியெடுப்பைத் தடுக்க முயலாமல் இல்லை. ‘பிரின்ஸ் ஆஃப் பெர்சியா’வில் முதற்கட்டம் முடிந்ததும் எழுத்துகள் பொறித்த மருந்துக் குப்பிகள் நிறைந்த ஓர் அறை வரும். அச்சிட்ட கையேட்டின் குறிப்பிட்ட பக்கத்தில், குறிப்பிட்ட வரியில், குறிப்பிட்ட சொல்லின் முதலெழுத்து எதுவோ அந்தக் குப்பியைக் குடித்தால்தான் வழி திறக்கும். படியெடுத்த வட்டோடு கையேடு வராது. எனவே விடைகளை எழுதிவைத்த தாளும், தடையை நீக்கித் திருத்திய கோப்பும் விளையாட்டோடு சேர்ந்தே பயணம் செய்தன. இன்று ‘கிராக்’ என்று வழங்கும் உடைப்புக் கோப்பின் முன்னோர்கள் இவையே.

விளையாட்டுகள் பெரிதாகப் பெரிதாக, கணினியை அவற்றுக்கு ஏற்ப அமைப்பது தனிக் கலையானது. டாஸ் நேரடியாகப் பயன்படுத்தக்கூடிய அடிப்படை நினைவகம் 640 கிலோபைட் மட்டுமே. கணினியில் அதைவிடப் பல மடங்கு நினைவகம் இருந்தாலும், கணினி தொடங்கும்போது படிக்கும் இரு கோப்புகளான கான்ஃபிக் சிஸ், ஆட்டோஎக்செக் பேட் ஆகியவற்றில் வரிகளைச் சேர்த்தும் நீக்கியும் இடத்தை விடுவித்தாலன்றிப் பல விளையாட்டுகள் தொடங்க மறுத்தன. ஒலி கேட்க வேண்டுமெனில் சவுண்ட் பிளாஸ்டர் அட்டையின் முகவரி 220 என்றும், குறுக்கீட்டு எண் 5 அல்லது 7 என்றும் சரியாகச் சொல்ல வேண்டும். தவறினால் விளையாட்டு ஊமையாக ஓடும் அல்லது கணினியே உறைந்து நிற்கும். இந்த எண்களை மனப்பாடமாக அறிந்தவர் ஓர் ஊரில் இருந்தாரென்றால், அந்த ஊரில் விளையாட்டு இருந்தது என்று பொருள்.

1993 டிசம்பரில் வெளிவந்த ‘டூம்’ விளையாட்டின் இலவசப் பகுதி சுருக்கப்பட்ட நிலையில் இரண்டு வட்டுகளில் அடங்கியது. அதற்கு மேற்பட்டவை ஏஆர்ஜே போன்ற சுருக்கு மென்பொருளால் பத்து, பதினைந்து துண்டுகளாக்கப்பட்டு வட்டுக்கு ஒன்றாக எழுதப்பட்டன. இத்தகைய அடுக்கில் ஒரே ஒரு வட்டு கெட்டாலும் மற்றவை பயனற்றவை. ஈரப்பதம் மிகுந்த இடங்களில் காந்தப் பரப்பின் மேல் பூஞ்சை படர்வது நெகிழ்வட்டின் அறியப்பட்ட குறை. ஆண்டின் பெரும்பகுதி பனிமூட்டமும் மழையும் சூழ்ந்த மலையூர் அதற்கு மிகவும் ஏற்ற இடம். சமவெளியில் பன்னிரண்டாம் வட்டு படிக்க மறுத்தால் தெருமுனைக்குப் போய் மறுபடி எழுதி வாங்கலாம். பழனியிலிருந்து கொடைக்கானலுக்கு ஏறத்தாழ 65 கிலோமீட்டர் மலைப்பாதை என்பதை நினைவில் கொண்டால், அதே பிழையின் விலை மலைமேல் எவ்வளவு என்பது விளங்கும்.

1995 ஆகஸ்டில் வெளியான விண்டோஸ் 95 இந்த நிலையை மாற்றியது. ஒலி அட்டை, வரைகலை அட்டை ஆகியவற்றோடு பேசும் பொறுப்பை இயக்கமுறைமையே ஏற்றுக்கொண்டது. சிடி ஒன்றில் 650 மெகாபைட், அதாவது நானூற்றைம்பது ஃபிளாப்பிகளின் கொள்ளளவு அடங்கியது. வட்டைச் செருகியதும் தானே திறக்கும் சாளரமும், ‘நெக்ஸ்ட்’ என்ற பொத்தானை அடுத்தடுத்து அழுத்தி முன்னேறும் ‘செட்டப்’ நிரலும் அப்போது வழக்கத்துக்கு வந்தவை. தமிழ்நாட்டில் இதே ஆண்டுகளில் அசெம்பிள்டு கம்ப்யூட்டர் எனப்படும், உதிரிப் பாகங்களை வாங்கிப் பூட்டித் தரும் கணினி பரவியது. சென்னை ரிச்சி தெரு அதன் தலைமைச் சந்தையாகவும், பர்மாவிலிருந்து திரும்பிய தமிழர்கள் 1960-களின் இறுதியில் அமைத்த பர்மா பஜார் சிடிகளின் சந்தையாகவும் விளங்கின. கணினியைப் பூட்டித் தருபவர் விண்டோஸை ஏற்றும்போதே நான்கைந்து விளையாட்டுகளையும் ஏற்றித் தருவது இத்தொழிலின் எழுதாத வழக்கமாக இருந்தது. ‘ரோட் ரேஷ்’, ‘நீட் ஃபார் ஸ்பீட்’, பின்னாளில் ‘ஐஜிஐ’, ‘கிரிக்கெட் 2007’ ஆகியவற்றைத் தமிழ்நாட்டின் ஒரு தலைமுறை விலைக்கு வாங்கிய பொருளாக அல்ல, கணினியோடு வந்த பொருளாகவே அறிந்தது.

இவ்வழக்கம் சட்டத்துக்குப் புறம்பானது என்பதை மறைப்பதற்கில்லை. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தில் 1995 மே மாதம் நடைமுறைக்கு வந்த திருத்தம், திருட்டுப் படி என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்துவோருக்குக் குறைந்தது ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்க வகை செய்தது. எனினும் மலையூர் ஒன்றில் அசல் வட்டை வாங்குவதற்கான கடையே அரிதாக இருந்த காலத்தில், வாங்குவோரின் நேர்மையை மட்டும் அளவுகோலாக்கி இவ்வரலாற்றை எழுதுவது நியாயமாகாது. விநியோகம் எட்டாத இடத்தைப் படியெடுப்பே எட்டியது. அதே சமயம், உள்ளூரில் விளையாட்டு உருவாக்க முனைந்திருக்கக் கூடியவர்களுக்கு ஒரு சந்தை உருவாகாமல் போனதற்கும் அதுவே ஒரு காரணம்.

சிடி காலத்தின் கைத்திறனுக்கு 2003-இல் கணினிக்கு வந்த ‘ஜிடிஏ வைஸ் சிட்டி’யே சிறந்த சான்று. இரண்டு சிடிகளில் விற்கப்பட்ட அவ்விளையாட்டு உள்வட்டில் 900 மெகாபைட்டுக்கு மேல் இடம் கேட்டது. அதன் கார் வானொலிப் பாட்டுகளை நீக்கி ஒரே சிடியில் அடக்கிய ‘ரிப்’ பதிப்பே இங்கு மிகுதியாக உலவியது. அவ்விளையாட்டின் உயிரான பாட்டுகளைக் கேளாமலேயே அதை முழுதும் ஆடி முடித்தவர்கள் பலர். அடுத்த தடை வரைகலை. மலிவு விலைக் கணினிகளின் தாய்ப்பலகையில் இருந்த இன்டெல் வரைகலைச் சில்லு, முப்பரிமாண உருவங்களின் இடமாற்றத்தையும் ஒளியமைப்பையும் தானே கணக்கிடும் திறன் இல்லாதது. அத்திறனைக் கட்டாயமாகக் கேட்ட விளையாட்டுகள் ஒரு பிழைச் செய்தியைக் காட்டிவிட்டு மூடிக்கொண்டன. ‘3டி அனலைஸ்’ போன்ற சிறு நிரல்கள், இல்லாத திறன் இருப்பதாக விளையாட்டை நம்பவைத்தன. எந்தக் கட்டத்தில் குறியிட வேண்டும் என்பது ஒருவர் வாயிலிருந்து இன்னொருவர் காதுக்குச் சென்ற அறிவு. கணினிப் பராமரிப்பாளர்களும் கல்லூரி மாணவர்களும் இவ்வாறு சேர்த்த நுட்ப அறிவை எந்தப் பாடத்திட்டமும் அவர்களுக்குத் தரவில்லை.

மின்சாரமும் இவ்வரலாற்றில் ஒரு பாத்திரம். நிறுவல் பாதியில் நின்றால் கோப்புகள் அரைகுறையாக உறைக்குள் இருக்கும். விண்டோஸின் பதிவேட்டிலோ அதற்குரிய குறிப்பு இருக்காது. சில நேரங்களில் உள்வட்டின் கோப்பு அட்டவணையே குலைந்துவிடும். தமிழ்நாட்டில் மின்வெட்டு உச்சத்திலிருந்த 2012-இல் சென்னைக்கு வெளியே பல மாவட்டங்கள் நாளொன்றுக்குப் பன்னிரண்டு மணி நேரத்துக்கும் மேல் இருளில் இருந்தன. மலைமேல், காற்றில் மரம் முறிந்து கம்பியில் விழுவதும் இதனோடு சேர்ந்துகொள்ளும்.

வலையிணைப்பு வட்டு வாணிகத்தை உடனே அழித்துவிடவில்லை. 2005 தொடக்கத்தில் பிஎஸ்என்எல் அகன்ற அலைவரிசைச் சேவையைத் தொடங்கியபோது அதன் குறைந்தபட்ச வேகம் நொடிக்கு 256 கிலோபிட். அவ்வேகத்தில் ஒரு சிடி அளவு கோப்பை இறக்க ஆறு மணி நேரம் ஆகும். அந்நிறுவனத்தின் பெயர்பெற்ற ஒரு கட்டணத் திட்டத்தில் அதிகாலை 2 மணி முதல் 8 மணி வரை அளவின்றி இறக்கலாம் என்ற சலுகை இருந்தமையால், ஓர் இரவுக்கு ஒரு சிடி என்பதே கணக்கானது. 2007-இல் வேகம் 2 மெகாபிட்டாக உயர்ந்தபோது அதே ஆறு மணி நேரத்தில் ஒரு டிவிடி அடங்கிற்று. ஆனால் தொலைபேசிச் செம்புக் கம்பி வழியாகச் செல்லும் இச்சேவை, தொலைபேசி நிலையத்திலிருந்து ஐந்து கிலோமீட்டரைத் தாண்டினால் தேய்ந்துவிடும். பள்ளத்தாக்குகளால் பிரிந்து கிடக்கும் மேல்மலைச் சிற்றூர்களுக்கு அந்த அளவு போதுமானதல்ல.

மலையூர்களின் மாணவர் கைக்குக் கணினி பெருமளவில் வந்தது 2011 செப்டம்பரில் தமிழக அரசு தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்தால்தான். அரசுப் பள்ளிகளிலும் அரசு உதவி பெறும் பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் பயில்வோருக்கு, முதலாண்டில் மட்டும் ஒன்பது லட்சத்துக்கு மேற்பட்ட மடிக்கணினிகளை வழங்குவது திட்டம். தொடக்கத்தில் அவற்றில் விண்டோஸும், சென்னை சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸும் சேர்ந்தே இருந்தன. லினக்ஸில் விண்டோஸ் விளையாட்டுகள் நேரடியாக ஓடாமையால் பலர் அதை நீக்கினர். இங்கு கவனிக்கத்தக்க ஒரு திரும்பல் நிகழ்ந்தது: ‘வைஸ் சிட்டி’ போன்ற விளையாட்டுகள் ‘செட்டப்’ இல்லாமலேயே, ஏற்கெனவே நிறுவிய உறையை முழுதாகப் பென் டிரைவில் படியெடுத்து இன்னொரு கணினியில் ஒட்டினாலே ஓடின. டாஸ் காலத்துப் பழக்கம் இருபது ஆண்டுக்குப் பின் மாணவர் விடுதிகளில் புத்துயிர் பெற்றது. இதனால் படிப்பு கெட்டது என்ற குற்றச்சாட்டு அன்று பரவலாக எழுந்தது. ஆனால் உறை, கோப்பு, டிரைவர் எனப்படும் இயக்கி, நினைவகம் ஆகியவை என்ன என்பதை முதல் தலைமுறைக் கணினிப் பயனர்கள் பலர் கற்றதும் இவ்வழியில்தான் என்பதையும் சேர்த்தே எடைபோட வேண்டும்.

2003-இல் அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் தொடங்கிய ‘ஸ்டீம்’ என்னும் வலைக்கடை 2015 நவம்பரில் இந்திய ரூபாயில் விலை குறிக்கத் தொடங்கியது. அடுத்த ஆண்டு ஜியோ கைபேசி இணையச் சேவை வந்தபின் வட்டு வாணிகம் விரைந்து தேய்ந்தது. டொரண்டோவில் இயங்கும் விசை கேம்ஸ், கனடாவில் குடியேறிய தமிழ்க் குடும்பமொன்றின் சமையலை மையமாக்கி 2023-இல் வெளியிட்ட ‘வெண்பா’வைக் கொடைக்கானலில் இருப்பவரும் டொரண்டோவில் இருப்பவரும் ஒரே நாளில், ஒரே முறையில் நிறுவ முடிந்தது.

பழைய சிடிகளின் நிலை வேறு. அசல் வட்டுகள் பலவற்றில் படியெடுப்பைத் தடுக்கச் சேர்க்கப்பட்டிருந்த ‘சேஃப்டிஸ்க்’ காப்புமுறையின் இயக்கியைப் பாதுகாப்புக் குறை கருதி 2015-இல் வெளிவந்த விண்டோஸ் 10 ஏற்க மறுத்தது. அதனால் முறையாக விலை கொடுத்து வாங்கிய வட்டுகள் ஓடாமல் போக, காப்பு உடைக்கப்பட்ட படிகள் இன்றும் ஓடுகின்றன. அதே ஆண்டு ஜனவரியில் இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் எண்ம நூலகம் ‘பிரின்ஸ் ஆஃப் பெர்சியா’ உள்ளிட்ட ஏறத்தாழ 2,400 டாஸ் விளையாட்டுகளை உலாவியிலேயே ஓடுமாறு வெளியிட்டது. அவற்றை ஆட எந்த வட்டும் தேவையில்லை, எதையும் நிறுவவும் வேண்டியதில்லை.