பதக்கத்தின் பின்பக்கம்

1987 ஆம் ஆண்டு இந்திய தேசிய அறிவியல் அகாடமி ஒரு பதக்கத்தை வானிலை அறிவியலாளர் அன்னா மணிக்கு வழங்கியது. பதக்கத்தின் பெயர் கே.ஆர். ராமநாதன் பதக்கம். பெற்றவரைப் பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. பதக்கத்துக்குப் பெயர் தந்தவர் யார் என்று நின்று கேட்டவர்கள் குறைவு. என் தேடல் அந்தப் பெயரில் தொடங்கியது.

முதல் தடயம் தலைப்பெழுத்து. பாலக்காட்டுத் தமிழ் அக்ரஹாரங்களில் பிறந்த பலருக்கு முதல் எழுத்து கிராமத்தின் பெயர், அடுத்தது தந்தையின் பெயர். 'கே' என்பது கல்பாத்தி. தேரோட்டத்துக்குப் பெயர்போன அதே கல்பாத்தி. கல்பாத்தி ராமகிருஷ்ண ராமநாதன் 1893 பிப்ரவரி 28 அன்று பிறந்தார். அந்தத் தேதியை எங்கோ கேட்டதுபோல் இருக்கிறதா? ராமன் விளைவு உறுதியானது 1928 பிப்ரவரி 28 அன்று. அதனால்தான் அது தேசிய அறிவியல் நாள். தற்செயல்தான். ஆனால் இந்த மனிதருக்கும் அந்த விளைவுக்கும் இருந்த தொடர்பு தற்செயலன்று.

ஆவணம் தேடுகிறவருக்கு இந்தப் பகுதியில் ஒரு சிக்கல் உண்டு. இன்றைய கேரள வரைபடத்தை வைத்துக்கொண்டு தேடினால் வழி தவறிவிடும். ராமநாதன் பிறந்தபோது பாலக்காடு சென்னை மாகாணத்தின் மலபார் மாவட்டத்தில் இருந்தது. அன்னா மணி 1918 இல் பிறந்த பீர்மேடு திருவிதாங்கூர் சமஸ்தானத்தில். இடுக்கி என்றொரு மாவட்டம் உருவானதே 1972 இல்தான். ஆகவே ஒருவரின் தடங்கள் சென்னையை நோக்கிப் போகின்றன, மற்றவரின் தடங்கள் திருவனந்தபுரத்தில் தொடங்குகின்றன. இரண்டும் சந்திக்கும் இடம் சி.வி. ராமனின் ஆய்வுக்கூடம்.

ராமநாதன் பாலக்காடு விக்டோரியா கல்லூரியிலும் சென்னை மாநிலக் கல்லூரியிலும் படித்து, திருவனந்தபுரத்தில் கல்லூரி ஆசிரியராக இருந்தார். 1921 இல் கல்கத்தா போனார். பௌபஜார் தெருவில் இருந்த இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தில் ராமனின் கீழ் வேலை. அடுத்து ரங்கூனில் ஆசிரியப் பணி கிடைத்தது. விடுமுறை வந்தால் மறுபடி கல்கத்தா. அக்கழகத்தின் 1923 ஆம் ஆண்டுத் தொகுதியில் இருக்கிறது அவருடைய கட்டுரை: நீரில் ஒளிச்சிதறலும் கடலின் நிறமும்.

சோதனை எளிமையானது. சூரிய ஒளியை ஊதாக் கண்ணாடி வழியே வடிகட்டித் தூய நீருக்குள் செலுத்த வேண்டும். ஊதா ஒளியை முழுதும் தடுக்கும் பச்சைக் கண்ணாடி ஒன்றும் வேண்டும். அதை நீருக்கு முன்னால், ஒளியின் பாதையில் வைத்தால் எல்லாம் இருள், எதிர்பார்த்ததுதான். அதையே எடுத்து நீருக்கும் பார்ப்பவர் கண்ணுக்கும் நடுவில் வைத்தாலும் இருட்டாகத்தான் இருக்க வேண்டும். இருட்டாக இல்லை. மங்கலாக ஒரு பாதை தெரிந்தது. உள்ளே போன ஒளியில் இல்லாத நிறம் ஒன்று வெளியே வந்துகொண்டிருந்தது.

நீரில் கலந்த அழுக்கு ஒளிர்கிறதோ என்ற சந்தேகம் வந்தது. திரும்பத் திரும்ப, மெதுவாக வாலை வடித்துச் சுத்தம் செய்த நீரிலும் அந்த மங்கல் போகவில்லை. இன்று நமக்குக் காரணம் தெரியும்: சிதறும் ஒளித்துகள்களில் ஏறக்குறைய ஒரு கோடியில் ஒன்று மூலக்கூறோடு ஆற்றலைப் பரிமாறிக்கொண்டு நிறம் மாறுகிறது, அதுதான் ராமன் விளைவு. ராமநாதன் அந்த மங்கல் ஒளிக்குப் 'பலவீனமான ஒளிர்வு' என்று பெயர் எழுதி மேலே போனார். அந்த விளக்கம் ராமனுக்கு மனநிறைவு தரவில்லை என்பதைப் பின்னாளில் ராமநாதனே நினைவுகூர்ந்திருக்கிறார். ராமனின் மாணவர் கே.எஸ். கிருஷ்ணன் பிற திரவங்களிலும் அதைக் கண்டார். 1928 இல் பாதரச விளக்கும் நிறமாலை காட்டியும் வந்தபின் ஐயம் தீர்ந்தது. 1930 இல் ராமன் ஆற்றிய நோபல் உரையிலும் 1923 ஆம் ஆண்டின் அந்த ஊதா, பச்சைக் கண்ணாடிச் சோதனை இருக்கிறது.

கல்பாத்திக்காரரிடமிருந்து நோபல் பரிசு பறிபோனது என்று சொல்ல நான் தயாரில்லை. பார்ப்பது வேறு, பார்த்தது என்ன என்று விடாமல் கேட்பது வேறு, கேட்டவர் ராமன். ஆனால் பள்ளிப் பாடநூல்கள் ராமன் கடலின் நீலத்தைக் கண்டு வியந்த கப்பல் பயணத்திலிருந்து நேரே 1928 க்குத் தாவிவிடுகின்றன. நடுவில் இருக்கும் 1923 விடுபட்டுப்போகிறது.

ராமநாதன் 1925 இல் இந்திய வானிலைத் துறையில் சேர்ந்தார். இங்கேதான் தேடல் எனக்கு வேறு திசை காட்டியது. அடுத்த ஆண்டே ராமனின் இன்னொரு மாணவரும் அதே துறைக்கு வருகிறார்: எல்.ஏ. ராம்தாஸ், 1900 இல் பாலக்காட்டில் பிறந்தவர். 'எல்' என்பது லக்ஷ்மிநாராயணபுரம். அதுவும் ஓர் அக்ரஹாரம். பிறகு கொல்லங்கோட்டில் 1909 இல் பிறந்த பி.ஆர். பிஷாரடி, கல்லூரி ஆசிரியராக இருந்தபடியே விடுமுறைகளில் பெங்களூரில் ராமனிடம் ஆய்வு செய்தவர், 1942 இல் வானிலைத் துறைக்குப் போனவர், பின்னாளில் இந்தியத் தொலையுணர்வின் தந்தை என்று பெயர் பெற்றவர். நான்காவது, 1948 இல், அன்னா மணி. ஒளிச்சிதறல் படித்தவர்கள் ஏன் மழையும் காற்றும் அளக்கப் போனார்கள்? அன்று கல்லூரிக்கு வெளியே இயற்பியலாளருக்குச் சம்பளம் கொடுத்த அரசுத் துறைகள் மிகக் குறைவு என்பதே பெரும் காரணம் என்று நினைக்கிறேன். வானமும் ஒளிச்சிதறலின் ஆய்வுக்கூடம்தான் என்பது அடுத்த காரணம்.

ஆக்ராவிலிருந்து பறக்கவிட்ட பலூன்களின் அளவீடுகளைக் கொண்டு, கீழ் வளிமண்டலத்தின் மிகக் குளிர்ந்த காற்று துருவங்களின் மேலன்றி வெப்பமண்டலத்தின் மேல் ஏறக்குறைய 17 கிலோமீட்டர் உயரத்தில் இருப்பதை ராமநாதன் 1929 இல் 'நேச்சர்' இதழில் எழுதினார். 1948 இல் அகமதாபாத் இயற்பியல் ஆய்வுக்கூடத்தின் முதல் இயக்குநரானார். ஓசோன் ஆய்வில் உலகம் அறிந்த பெயரானார். ராம்தாஸ் புணேயில் கண்டது இன்னும் வேடிக்கை. தெளிந்த, காற்றில்லாத இரவில் தரைதான் மிகக் குளிர்ந்திருக்கும் என்பது நூல்களின் கணக்கு. மிகக் குளிர்ந்த காற்று தரைக்குச் சில பத்து சென்டிமீட்டர் மேலே இருக்கிறது என்று 1932 இல் அவரும் சக ஆய்வாளர் ஆத்மநாதனும் எழுதினார்கள். கருவிக் கோளாறு என்று பலர் ஒதுக்கினார்கள். 1993 இல்தான் பெங்களூரில் ரொத்தம் நரசிம்மாவும் சக ஆய்வாளர்களும் அதற்கு ஒரு கோட்பாட்டு விளக்கம் தந்தார்கள். இன்று அதற்கு ராம்தாஸ் அடுக்கு என்றே பெயர்.

இனி பதக்கம் பெற்றவர். கம்பத்திலிருந்து குமுளி வழியாக மலையேறினால் வரும் பீர்மேட்டில், ஏலத்தோட்டங்கள் வைத்திருந்த பொறியாளர் ஒருவரின் மகள். எட்டாம் பிறந்த நாளுக்கு வைரத் தோடு வேண்டாம், கலைக்களஞ்சியம் வேண்டும் என்று கேட்ட கதையை எல்லாரும் சொல்லிவிட்டார்கள். வேண்டாமென்ற வைரம் அவரை விடவில்லை என்பதுதான் எனக்குச் சுவாரசியம். 1940 இல் பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் ராமனிடம் சேர்ந்து, முப்பதுக்கும் மேற்பட்ட வைரங்களின் நிறமாலைகளைப் பதிவு செய்தார். ஒளிர்வு மங்கல் என்பதால் ஒரு படத்துக்கே 15 முதல் 20 மணி நேரம். இரவுகள் ஆய்வுக்கூடத்திலேயே கழிந்தன. 1942 முதல் 1945 வரை தனி ஆசிரியராக ஐந்து கட்டுரைகள்.

1945 ஆகஸ்டில் ஆய்வேட்டைச் சமர்ப்பித்தார். பெங்களூர்க் கழகம் அப்போது பட்டம் வழங்கும் நிறுவனமன்று. ஆய்வேடு சென்னைப் பல்கலைக்கழகத்துக்குப் போனது. எம்.எஸ்சி. இல்லை என்று பிஎச்.டி. மறுக்கப்பட்டது. 1939 இல் அவர் பெற்றது பி.எஸ்சி. ஆனர்ஸ். ஆய்வேட்டில் குறை என்று மறுக்கவில்லை. முந்தைய பட்டம் போதாது என்பதே காரணம். ராமநாதனுக்கு டி.எஸ்சி. தந்ததும் இதே பல்கலைக்கழகம்தான், அவரிடம் எம்.ஏ. இருந்தது. அறிவியல் வரலாற்றாய்வாளர் அபா சூர் தம் 'டிஸ்பர்ஸ்டு ரேடியன்ஸ்' நூலில் இந்த மறுப்பைப் பதிவு செய்திருக்கிறார். பட்டம் இல்லாதது தனக்குப் பெரிதாகத் தெரியவில்லை என்று அன்னா மணி சொன்னதும் அந்நூலில் உண்டு. அவரால் அப்படிச் சொல்ல முடிந்தது: ஏறக்குறைய நூறு வானிலைக் கருவிகளுக்கு இந்தியத் தர வரைபடங்களை உருவாக்கி, நாடு முழுதும் சூரியக் கதிர்வீச்சை அளக்கும் நிலையங்களை நிறுவி, ஓசோன் அளக்கும் பலூன் கருவியை இங்கேயே செய்து, துறையின் துணைத் தலைமை இயக்குநராக 1976 இல் ஓய்வு பெற்றவர். 2001 இல் திருவனந்தபுரத்தில் மறைந்தார்.

அவருக்கு அது பெரிதில்லை என்பதால் பல்கலைக்கழகத்தின் கணக்கு தீர்ந்துவிடாது. அந்த ஆய்வேடு பெங்களூர் ராமன் ஆராய்ச்சிக் கழக நூலகத்தில், பட்டம் பெற்ற மற்ற ஆய்வேடுகளோடு இருக்கிறது. சென்னைப் பல்கலைக்கழகம் அதை வரவழைத்து, இன்றைய நிபுணர்களைக் கொண்டு மதிப்பிட்டு, அன்று மறுத்த பட்டத்தை அன்னா மணியின் பெயருக்கு வழங்க வேண்டும்.