ஒடுக்கப்பட்ட சமூகத் திருநங்கை இளையோர்: தென்காசி வட்டாரத்திலிருந்து ஒரு வரலாற்றுப் பார்வை

குற்றாலத்தில் ஆனி, ஆடி மாதங்களில் சாரல் தொடங்கிவிட்டால் பேரருவியிலும் ஐந்தருவியிலும் கூட்டம் நெருக்கும். ஆண்கள் குளிக்க ஒரு பக்கம், பெண்கள் குளிக்க ஒரு பக்கம் என்று பிரித்திருப்பார்கள். வருபவர்களில் பெரும்பாலோருக்கு இது ஒரு பொருட்டே இல்லை. ஆனால் ஆணாக வளர்க்கப்பட்டுத் தன்னைப் பெண்ணாக உணரும் பதினெட்டு வயதுப் பிள்ளைக்கு, எந்தப் பக்கம் போவது என்பது பெரிய கேள்வி. அந்தப் பிள்ளை தலித் குடும்பத்தில் பிறந்திருந்தால், அதற்கு முன்பே வேறு பல இடங்களில் "உனக்கு இங்கே இடமில்லை" என்ற சொல்லைக் கேட்டிருக்கும். இந்த இரண்டு விலக்கல்களும் ஒரே உடலின் மேல் விழும்போது என்ன நடக்கிறது, அதை எதிர்த்து எழுந்த குரல்கள் எவை என்பதை இக்கட்டுரை சுருக்கமாகப் பார்க்கிறது.

இலக்கணத்திலும் காப்பியத்திலும்

தமிழ் மரபுக்கு இவர்கள் புதியவர்கள் அல்லர். தொல்காப்பியம் சொல்லதிகாரத்தின் கிளவியாக்கம், ஆண்மை திரிந்தவரைக் குறிக்கும் பெயரை உயர்திணைக்குள் வைக்கிறது. அப்பெயருக்கெனத் தனி ஈறு இல்லை என்றும், உயர்திணைப் பால்களுக்கு உரிய ஈற்றையே அது ஏற்கும் என்றும் கூறுகிறது. அதாவது, இலக்கணம் அவர்களை மக்கள் என்றே கொண்டது. ஆனால் அவர்களுக்கென்று ஒரு சொல்முடிவைத் தரவில்லை. சிலப்பதிகாரத்தில் மாதவி ஆடிய பதினோர் ஆடல்களுள் ஒன்று 'பேடு'. மணிமேகலையிலும் பேடியர் கூத்து இடம்பெறுகிறது.

தென்காசி வட்டாரக் கோயில்களின் கதைகளிலும் உருமாற்றம் உண்டு. சங்கரன்கோவிலில் சிவனும் திருமாலும் ஒரே உடலில் பாதிப் பாதியாகச் சங்கரநாராயணராக நிற்கிறார்கள். அந்தக் காட்சியைக் காணக் கோமதி அம்மன் தவம் இருந்ததைத்தான் ஆடித்தபசு விழாவாகக் கொண்டாடுகிறார்கள். குற்றாலநாதர் கோயிலின் தலபுராணம், அகத்தியர் திருமால் உருவைச் சிவலிங்கமாக மாற்றினார் என்கிறது. தெய்வத்துக்கு ஏற்றுக்கொள்ளப்பட்ட மாற்றம் மனிதருக்கு ஏற்றுக்கொள்ளப்பட்டதா என்பது வேறு கேள்வி.

கூத்தில் இடம், வீட்டில் இல்லை

நெல்லை, தென்காசி, தூத்துக்குடி மாவட்டங்களில் சுடலைமாடன் கோயில் கொடைகளில் நிகழும் கணியான் கூத்து இதற்குச் சரியான எடுத்துக்காட்டு. இதை நிகழ்த்துபவர்கள் கணியான் எனும் பழங்குடிச் சமூகத்தினர். அண்ணாவி கதை பாட, மகுடம் ஒலிக்க, ஆண்கள் பெண் வேடமிட்டு ஆடுவார்கள். கொடை நடக்கும் இரவில் அந்த ஆட்டம் இல்லாமல் சாமி இறங்காது என்று ஊர் நம்பும்.

பெண் வேடமிடும் கலைஞர் எல்லாரும் திருநங்கையர் அல்லர். பலருக்கு அது குலத்தொழில் மட்டுமே. ஆனாலும் ஓர் உண்மை இங்கே தெரிகிறது. ஆண் உடலில் பெண்மையை ஊர் கண்டதும் உண்டு, ரசித்ததும் உண்டு, சாமி காரியத்துக்குத் தேவை என்று வைத்துக்கொண்டதும் உண்டு. விடிந்ததும் வேடம் கலைய வேண்டும் என்பதுதான் நிபந்தனை. வேடம் இல்லை, இதுதான் நான் என்று ஒரு பிள்ளை வீட்டில் சொன்னால் அந்த ரசனை அங்கே நிற்பதில்லை.

இந்த மண்ணின் எழுத்தாளர்கள் இதை முன்பே கவனித்தார்கள். கோவில்பட்டிக்கு அருகிலுள்ள இடைசெவலைச் சேர்ந்த கி. ராஜநாராயணன், ஆணாகப் பிறந்து பெண்ணியல்போடு வாழும் ஒருவரை மையமாக வைத்துக் 'கோமதி' என்ற சிறுகதையை எழுதினார். இன்றைய தென்காசி மாவட்டத்தின் திப்பணம்பட்டியில் பிறந்த சு. சமுத்திரம், 1990களில் 'வாடா மல்லி' நாவலை எழுதினார். சுயம்பு என்ற கல்லூரி மாணவன் மேகலையாக மாறும் கதை அது. திருநங்கையர் வாழ்வை முழுமையாக எடுத்துக்கொண்ட முதல் தமிழ் நாவல்களில் ஒன்றாக அது மதிக்கப்படுகிறது. இவை இரண்டும் வெளியே நின்று பரிவோடு எழுதப்பட்டவை. தம் கதையைத் தாமே எழுதும் காலம் அடுத்துதான் வந்தது.

சொந்தக் குரல்

2004இல் அ. ரேவதி தொகுத்த 'உணர்வும் உருவமும்' வெளிவந்தது. 2007இல் லிவிங் ஸ்மைல் வித்யாவின் தன்வரலாறு 'நான், வித்யா' வெளிவந்தது. வித்யா தலித் குடும்பத்தில் பிறந்தவர். மொழியியலில் முதுகலை படித்தவர். மகன் படித்து அரசு வேலைக்குப் போக வேண்டும், குடும்பம் தலை நிமிர வேண்டும் என்ற தந்தையின் கனவு அந்த நூலில் பெரிய இடம் பெறுகிறது. ஒடுக்கப்பட்ட குடும்பத்தில் மூத்த ஆண் பிள்ளையின் மேல் ஏறும் பாரம் இது. அந்தப் பிள்ளை "நான் மகன் அல்ல, மகள்" என்று சொல்லும்போது, தலைமுறையாகக் காத்திருந்த ஒரே நம்பிக்கை உடைந்துவிட்டதாகக் குடும்பம் கருதுகிறது. குடும்பத்தின் கோபத்தில் வெறுப்பு மட்டும் இல்லை, அச்சமும் இருக்கிறது.

தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்த கிரேஸ் பானு, தன்னைத் 'தலித் திருநங்கை' என்றே பொதுமேடையில் அறிமுகப்படுத்திக்கொள்பவர். தமிழ்நாட்டில் பொறியியல் கல்லூரியில் சேர்ந்த முதல் திருநங்கை என்று அறியப்படுபவர். பள்ளிக்காலத்தில் சாதியின் பெயரால் ஒதுக்கப்பட்டதையும், பின்னர் பாலினத்தின் பெயரால் ஒதுக்கப்பட்டதையும் அவர் தொடர்ந்து பேசி வருகிறார். இரண்டும் தனித்தனித் துன்பங்கள் அல்ல, ஒரே சங்கிலியின் கண்ணிகள் என்பது அவரது வாதம்.

இது பழைய கதை என்று தள்ளிவிட முடியாது. 2022 செப்டம்பரில், சங்கரன்கோவில் அருகே பாஞ்சாகுளம் கிராமத்தில், தின்பண்டம் வாங்க வந்த பட்டியல் சாதிப் பள்ளிக் குழந்தைகளிடம் ஊர்க் கட்டுப்பாட்டைச் சொல்லிக் கடைக்காரர் திருப்பி அனுப்பிய காணொளி நாடெங்கும் பரவியது. கைது நடந்தது, கடைக்கு முத்திரை வைக்கப்பட்டது. ஆனால் கடைவாசலில் நின்ற அந்த வயதில்தான் ஒரு பிள்ளை தன் பாலினத்தையும் உணரத் தொடங்குகிறது.

கடல் கடந்த ஓர் ஒப்பீடு

அமெரிக்கக் கறுப்பின மக்களிடையே இதே சிக்கல் வேறு வடிவில் எழுந்தது. 1963 ஆகஸ்ட் 28 அன்று நடந்த வாஷிங்டன் பேரணியை ஒருங்கிணைத்த முதன்மை அமைப்பாளர் பேயார்ட் ரஸ்டின். அவர் ஒருபால் ஈர்ப்பாளர் என்பதால், உரிமை இயக்கத்தின் தலைவர்கள் சிலரே அவரை முன்வரிசையில் நிறுத்தத் தயங்கினார்கள். மறுபக்கம், வெள்ளையர் நிறைந்த பால்புதுமையர் அமைப்புகளில் கறுப்பினத்தவர் நிறத்தால் ஒதுங்க நேர்ந்தது. 1974இல் பாஸ்டனில் கறுப்பினப் பெண்ணியர் தொடங்கிய கோம்பாகி ஆற்றுக் குழு, 1977இல் வெளியிட்ட அறிக்கையில், இனம், பாலினம், வர்க்கம், பாலீர்ப்பு ஆகிய ஒடுக்குமுறைகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பவை என்று அறிவித்தது.

நியூயார்க்கில் வீட்டை விட்டு வெளியேற்றப்பட்ட கறுப்பின, லத்தீன் இன இளையோர் 1970களில் 'வீடு' என்ற பெயரில் குழுக்கள் அமைத்தனர். ஒவ்வொரு வீட்டுக்கும் ஓர் 'அம்மா' உண்டு. நம் ஊர்த் திருநங்கையரின் ஜமாத் அமைப்பை அறிந்தவர்களுக்கு இது வியப்பாக இராது. இங்கும் மூத்தவர் இளையவரை மகளாக ஏற்பார். அம்மா, மகள், பாட்டி, பேத்தி என்று உறவு வளரும். பெற்ற வீடு கதவை மூடியபின் சோறும் பெயரும் பாதுகாப்பும் தந்தது இந்த உறவுதான்.

ஜமாத்துக்குள் சாதி இல்லை என்பது பொதுவாகச் சொல்லப்படும் பெருமை. ஆனால் வித்யா, கிரேஸ் பானு போன்றோர் அங்கும் சாதி முற்றாக ஒழியவில்லை என்று சுட்டிக்காட்டியுள்ளனர். திருநங்கையருக்குள் படிப்பு, சொத்து, ஆங்கிலம், குடும்ப ஆதரவு உள்ளவர்களுக்கும், கடை கேட்பதைத் தவிர வேறு வழி இல்லாதவர்களுக்கும் இடையிலான தூரத்தில் சாதியின் பங்கு உண்டு. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 'பிற' பாலினமாக இந்தியாவில் 4,87,803 பேர் பதிவாயினர். அவர்களில் 78,811 பேர் பட்டியல் சாதியினர். 'பிற' என்று பதிவானோரின் எழுத்தறிவு சுமார் 56 விழுக்காடு. நாட்டின் சராசரி சுமார் 73 விழுக்காடு.

சட்டம் திறந்த கதவுகள்

தாழ்த்தப்பட்டோருக்குக் கோயில் கதவுகள் சட்டத்தின் துணையோடு திறக்கத் தொடங்கியது 1939இல். பாலினச் சிறுபான்மையருக்கான சட்ட வரலாறு அதைவிட இளையது. 1860இல் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவு, வயதுவந்தோரின் இசைவான ஒருபால் உறவைக் குற்றமாக்கியது. 2018 செப்டம்பர் 6 அன்றுதான் உச்ச நீதிமன்றம் அதை விலக்கியது.

தமிழ்நாடு சிலவற்றில் முந்திக்கொண்டது. 2008 ஏப்ரல் 15 அன்று நாட்டிலேயே முதலாவதாகத் திருநங்கையர் நல வாரியம் இங்கே அமைந்தது. இழிசொற்களுக்கு மாற்றாகத் 'திருநங்கை' என்ற சொல் மு. கருணாநிதி ஆட்சிக்காலத்தில் அரசு வழக்கில் நிலைபெற்றது. 2014இல் அதே ஏப்ரல் 15 அன்று, ஒருவர் தம் பாலினத்தைத் தாமே தீர்மானிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் நால்சா வழக்கில் தீர்ப்பளித்தது.

தென்மாவட்டங்களுக்கு உரிய உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, 2019 ஏப்ரலில் தூத்துக்குடித் திருமண வழக்கு ஒன்றில், இந்துத் திருமணச் சட்டத்தின் 'மணமகள்' என்ற சொல் திருநங்கையையும் உள்ளடக்கும் என்றது. இடைப்பால் குழந்தைகளுக்குத் தேவையற்ற பாலின அறுவை சிகிச்சையைத் தடுக்கவும் அதே தீர்ப்பு வழிசெய்தது. 2021 ஜூனில், மதுரையிலிருந்து சென்னைக்குத் தஞ்சம் தேடி வந்த இரு இளம்பெண்களின் வழக்கில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், 'மாற்றும் சிகிச்சை'யைத் தடை செய்யுமாறு கூறினார். அவ்வழக்கின் தொடர்ச்சியாக 2022இல் பால்புதுமையரைக் கண்ணியமாகக் குறிப்பிடும் சொற்பட்டியலைத் தமிழ்நாடு அரசு அரசிதழில் வெளியிட்டது. தொல்காப்பியம் தராத சொல்லை அரசிதழ் தந்தது எனலாம்.

சான்றிதழில் சிக்கும் வாழ்க்கை

இத்தனைக்கும் பிறகு, ஒடுக்கப்பட்ட சமூகத் திருநங்கை இளையோரின் சிக்கல் ஒரு காகிதத்தில் வந்து நிற்கிறது. சாதிச் சான்றிதழ் பெற்றோர் வழியாக வருவது. பதினாறு வயதில் உடுத்திய துணியோடு வீட்டை விட்டு வந்த பிள்ளையிடம் குடும்ப அட்டையும் இருக்காது, மாற்றுச் சான்றிதழும் இருக்காது. பழைய ஆவணத்தில் ஆண் பெயர், புதிய அடையாள அட்டையில் பெண் பெயர். படிப்புக்கும் வேலைக்கும் எது செல்லும்?

2015இல் தமிழ்நாடு அரசு திருநங்கையரை மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பிரிவில் சேர்த்தது. பாலினத்தை ஒரு சாதி போலக் கருதிய இந்த அணுகுமுறையைக் கிரேஸ் பானு போன்றோர் எதிர்த்தனர். அவர்கள் கேட்டது கிடைமட்ட இடஒதுக்கீடு: பட்டியல் சாதி, பழங்குடி, பிற்படுத்தப்பட்டோர், பொதுப்பிரிவு என ஒவ்வொன்றுக்குள்ளும் திருநருக்கு ஒரு பங்கு. மாற்றுத்திறனாளிகளுக்கு இந்த முறைதான் நடைமுறையில் உள்ளது. கர்நாடகம் 2021இல் அரசுப் பணிகளில் 1 விழுக்காடு இவ்வாறு ஒதுக்கியது. 2024 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றமும் தமிழ்நாட்டில் 1 விழுக்காடு கிடைமட்ட ஒதுக்கீடு வழங்க வேண்டும் என்றது.

2019ஆம் ஆண்டின் மாற்றுப்பாலினத்தவர் உரிமைப் பாதுகாப்புச் சட்டத்திலும் ஓர் இடைவெளி உண்டு. பெற்ற குடும்பம் பார்த்துக்கொள்ள இயலாவிட்டால், அந்தப் பிள்ளையை மறுவாழ்வு இல்லத்துக்கு அனுப்ப நீதிமன்றம் உத்தரவிடலாம் என்கிறது சட்டம். தாமே தேர்ந்துகொண்ட அம்மா, மகள் உறவுக்கு அதில் இடமில்லை. கிரேஸ் பானு மகளாக ஏற்ற தாரிகா பானு, நீதிமன்றம் வரை சென்று சித்த மருத்துவப் படிப்பில் சேர்ந்ததை நினைத்தால், அந்த உறவு எவ்வளவு செய்ய வல்லது என்பது விளங்கும்.

மண்ணில் ஒரு முகவரி

தென்காசி 2019 நவம்பர் 22 அன்று தனி மாவட்டமானது. அடுத்த ஆண்டு, பக்கத்து மாவட்டத்தில் கோவில்பட்டிக்கு அருகே மந்தித்தோப்பில், திருநங்கையருக்கென வீடுகளும் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கமும் உருவாயின. கிரேஸ் பானுவின் தொடர் முயற்சியும் அன்றைய மாவட்ட நிர்வாகத்தின் ஒத்துழைப்பும் இதற்குக் காரணம். கரிசல் காட்டில் மாடு வளர்த்துப் பால் கறந்து விற்பது பெரிய செய்தி அல்ல. ஆனால் பெருநகரத்துக்கு ஓடினால்தான் வாழலாம் என்ற நிலையில் இருந்தவர்கள், சொந்த வட்டாரத்திலேயே கதவு எண்ணுடன் குடியிருப்பது புதிது.

கோயில் வாசலிலும் தெருவிலும் கிணற்றடியிலும் எல்லாருக்கும் உரிமை உண்டு என்று நிலைநாட்ட ஒடுக்கப்பட்ட மக்கள் பல தலைமுறைகள் போராடினார்கள். அவர்களின் பிள்ளைகளில் சிலர் இன்று அதே வாசலில் இன்னொரு காரணத்துக்காக நிற்கிறார்கள். வெளியே ஊரும் உள்ளே வீடும் ஒருசேர மறுக்கும்போது, "நான் யார்" என்ற கேள்வியைவிட "நான் எங்கே இருப்பது" என்ற கேள்விதான் முதலில் வருகிறது. முந்தைய கேள்விக்கு அந்தப் பிள்ளைகளிடம் விடை இருக்கிறது. பிந்தைய கேள்விக்கு விடை சொல்ல வேண்டியவர்கள் ஊராரும் பெற்றோரும் அரசும்தான்.