அத்திலாந்திக்கில் பழசாகி கொழும்புக்கு வந்த 'ஓடர்'

குறிஞ்சிப்பிட்டி இருக்கும் கற்பிட்டிக் குடாநாட்டுக்கு ஒருபுறம் களப்பு, மறுபுறம் கடல். ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பெரிய புகைக்கப்பல்களுக்கு இந்தக் கரை வழியில்லை. ஏடனிலிருந்து வந்தவை மினிக்கோயை ஒட்டிக் கடந்து நேரே கொழும்பைப் பிடித்தன. மினிக்கோய் வெளிச்சவீடு 1885இல் ஒளிர்ந்தது. வடக்கே மன்னார்ப் பக்கம் இராமர் அணையின் மணல்திட்டுகள் அவற்றை விடவில்லை. கண்ணில் படாத அந்தக் கப்பல்களோடு குடாநாட்டுத் தென்னந்தோட்டங்களுக்கு இருந்த தொடர்பைத் தேடினால், நியூயோர்க்குக்குக் குடியேறிகளை ஏற்றுவதற்கென்று கட்டப்பட்ட ஒரு ஜெர்மன் கப்பலில் போய் நிற்கிறோம்.

'ஓடர்' பிரெமன் நகரத்து நோர்ட்டொய்ச்சர் லொயிட் கும்பனிக்காக ஸ்கொத்லாந்தின் கிரீனொக்கில், கேர்ட் பட்டறையில் கட்டப்பட்டது. சுமார் 3,100 தொன், இரும்பு உடல், ஒற்றைச் சுழலி. 1874இல் அத்திலாந்திக் ஓட்டத்தில் சேர்ந்தது. மேல்தளத்தில் வசதியுள்ளோர், கீழ்த்தளத்தில் ஒருவழிச் சீட்டோடு அமெரிக்கா போகும் குடியானவர் குடும்பங்கள். கும்பனிக்கு வருவாய் பெரும்பாலும் கீழ்த்தளத்திலிருந்தே வந்தது.

1881இல் அதே கும்பனி 'எல்பே' என்ற விரைவுக் கப்பலை இறக்கியது. அதற்குப் பின் வந்தவை அதைவிட வேகம். பத்து வயதுகூட ஆகாத 'ஓடர்' அந்தப் போட்டியில் கிழடாகிவிட்டது. கடல் அதைத் தேய்க்கவில்லை. பயணிகளின் அவசரமே தேய்த்தது என்பது என் கணிப்பு.

அதற்கு மறுவாழ்வு தந்தது பிஸ்மார்க்கின் அரசு. 1885 ஏப்ரலில் நிறைவேறிய சட்டம், கிழக்காசியாவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் தபால் கப்பல் விட ஆண்டுக்கு 44 இலட்சம் மார்க் வரை மானியம் அனுமதித்தது. லொயிட் கும்பனி ஒப்பந்தத்தை எடுத்தது. புதிய கப்பல்களை ஜெர்மன் பட்டறையிலேயே கட்டவேண்டும் என்பது நிபந்தனை. ஸ்டெட்டின் வுல்கான் பட்டறைக்கு ஆறு கப்பல்களுக்கான வேலை போனது. அவை முடியும்வரை பழைய அத்திலாந்திக் கப்பல்களே கைகொடுத்தன. 1886 யூன் 30இல் பிரெமர்ஹாவனிலிருந்து கிழக்காசியத் தடத்தைத் தொடக்கிவைத்தது 'ஓடர்'தான். சுயெஸ், ஏடன், கொழும்பு, சிங்கப்பூர், ஹொங்கொங், ஷங்காய் என்பது பாதை. ஸ்கொத்லாந்தில் கட்டிய கப்பல் ஜெர்மன் பெருமையின் முதல் கொடியை ஏந்திப் போனதை அந்நாட்டார் எப்படிச் செரித்தார்களோ!

கொழும்பும் அப்போதுதான் தயாராகியிருந்தது. 1875இல் அடிக்கல் நாட்டிய தென்மேற்கு அலைதடுப்புச் சுவர் 1885இல் முடிந்தது. காலித் துறைமுகத்தின் கப்பல்கள் இங்கே திரும்பின. ஜெர்மன் கொன்சலாகவும் லொயிட் முகவராகவும் இருந்த பிராய்டன்பேர்க்கின் வணிக நிறுவனம் ஹல்ஸ்டொர்ப்பில் தேங்காய் எண்ணெய் ஆலையும் நடத்தியது.

இங்கேதான் நம் கரை வருகிறது. புத்தளத்துக்கு ரயில் வந்தது 1926இல். அதுவரை களப்பும் ஒல்லாந்தர் வாய்க்காலுமே கொழும்புக்கான சரக்குப் பாதை. கொப்பறாவும் உப்பும் படகில் போயின. கொழும்புச் சந்தையில் 'கற்பிட்டிக் கொப்பறா' தனித் தரமாகவே கண்டிக் கணக்கில் விலைபேசப்பட்டது. ஒரு கண்டி 560 இறாத்தல். முதலாம் உலகப் போருக்கு முந்திய ஆண்டுகளில் இலங்கைக் கொப்பறாவை அதிகம் வாங்கிய நாடுகளில் ஜெர்மனி முன்வரிசையில் இருந்தது. சவர்க்காரத்துக்கும் மார்கரினுக்கும் அந்நாட்டு ஆலைகளுக்குத் தேங்காய்க் கொழுப்பு வேண்டியிருந்தது.

அந்தக் காலத்தை 'ஓடர்' பார்க்கவில்லை. 1887 மே மாதக் கடைசியில், கிழக்கிலிருந்து திரும்பும் வழியில், சொகோத்ராத் தீவில் மோதி அழிந்தது. சோளகம் எழும் மாதம் அது. நம் மேற்குக் கரையில் வள்ளம் தள்ளவே யோசிக்கும் காலம். அத்திலாந்திக்கில் பன்னிரண்டு ஆண்டு தாங்கிய கப்பல் இந்தக் கடலில் ஓராண்டுகூட நிறைக்கவில்லை. அதன் இடத்துக்கு ஸ்டெட்டினில் கட்டிய 'பிரொய்சன்', 'பாயர்ன்', 'சாக்சன்' வந்தன. 1914இல் போர் மூண்டதும் ஜெர்மன் தபால் கப்பல்களுக்குக் கொழும்பு மூடப்பட்டது. வாய்க்காலில் கொப்பறாப் படகுகள் மட்டும் ஓடிக்கொண்டிருந்தன.