திருவொற்றியூர்: சூளும் கல்லும்

ஓரூரின் வரலாறு அதனை ஆண்ட வேந்தர் பெயர்களை வரிசைப்பட அடுக்குவதனால் மட்டும் நிரம்புவதன்று. அவ்வூரில் வாழ்ந்தோர் எதனை மெய்யெனக் கொண்டனர், எதன்பொருட்டுத் தம் பொருளையும் உயிரையும் வழங்கினர் என்பனவும் ஆராயப்படல் வேண்டும். அங்ஙனம் ஆராயப் புகுவார்க்குச் சென்னையின் வடபால் கடற்கரைக்கண் அமைந்த திருவொற்றியூர் சிறந்ததோர் எடுத்துக்காட்டாம். தேவார மூவர் பாடலும் பெற்ற இத்தொண்டைநாட்டுத் திருத்தலம் நெடுங்காலம் தனியூராய் விளங்கி, பின்னர்ப் பட்டினத்தின் புறநகராய், 2011-இல் சென்னை மாநகராட்சியோடு இணைக்கப்பெற்றது.

ஊரும் பேரும்

'ஒற்றியூர்' என்னும் பெயர்க்கு இருவகையாகப் பொருள் கூறுப. ஊழி வெள்ளம் பெருகிய காலத்து இறைவன் அதனை ஒற்றி விலக்கிய இடமாதலின் இப்பெயர்த்தாயிற்று என்பது தலபுராண வழக்கு. நிலத்தை ஒருவர்பால் ஈடாக வைத்துப் பொருள் பெறுதற்கு 'ஒற்றி' என்று பெயராதலின், அப்பொருள்பற்றி உரைப்பாரும் உளர். ஒற்றி கொண்டவன் நிலத்தின் பயனை நுகரலாம். நிலமோ அவனுக்கு உரித்தன்று. மீட்கும் நாளில் அதனைக் குறைவின்றித் திருப்பி ஒப்புவித்தல் அவன் கடன். இவ்வூர் வரலாற்றில் மீண்டும் மீண்டும் தோன்றும் செய்தி, கொடுத்த சொல்லும் கொண்ட கடனும் பற்றியதாகவே இருத்தல் நோக்கத்தக்கது.

மகிழடிச் சூள்

ஞாயிறு என்னும் ஊரிற் பிறந்து, ஒற்றியூர்க் கன்னிமாடத்திலிருந்து இறைவற்குப் பூந்தொண்டு புரிந்துவந்த சங்கிலியாரை நம்பியாரூரர் மணந்த வரலாறு சைவ உலகம் நன்கறிந்தது. 'நின்னைப் பிரியேன்' என்று சூளுரைக்க உடன்பட்ட ஆரூரர், தாம் சூளுரைக்கும்போது இறைவன் திருக்கோயிலை விட்டு மகிழின்கீழ்ச் சென்றிருத்தல் வேண்டுமென இரந்தார். இறைவனோ சங்கிலியார்க்கு அதனை முன்னரே உணர்த்தி, அம்மகிழின்கீழேயே சூள்கொள்ளுமாறு அருளினன். பின்னர்த் திருவாரூர் வசந்தவிழாவை நினைந்து சூள் கடந்து எல்லை நீங்கிய ஆரூரர் இருகண்ணும் மறையப்பெற்றார். தோழனெனத் தன்னை அளித்த இறைவனும் தோழமைபற்றி வாய்மையை நெகிழவிட்டிலன் என்பதே இதன் உட்பொருள். மாசித் திங்கட் பெருவிழாவில் மகிழடிச்சேவை இன்றும் இதனை நினைவூட்டுகின்றது.

விளக்கும் ஆடும்

செக்குத் தொழில் மரபிற் பிறந்த கலிய நாயனார் இவ்வூர்த் திருக்கோயிலில் விளக்கேற்றும் தொண்டினர். செல்வம் அழிந்தபின் கூலிக்கு உழைத்தும் அதனைத் தவறவிடாது செய்தார். எவ்வழியும் அடைபட்ட நாளில் எண்ணெய்க்கு மாறாகத் தம் குருதியையே பெய்யத் துணிந்து மிடற்றை அரியும்போது, இறைவன் அவர் கையைப் பிடித்தருளினன். நாயனார் வரலாற்றில் ஓர் உயிரின் தொண்டாகக் காணப்படும் இவ்விளக்கு, கல்வெட்டுக்களில் ஊர்மக்களின் கூட்டறமாகக் காணப்படுகின்றது. நந்தாவிளக்கு ஒன்றுக்குத் தொண்ணூறு ஆடுகள் போல ஓரளவு வகுத்து அளிப்பர். அவற்றை ஏற்ற இடையர் நாள்தோறும் விளக்கிற்குரிய நெய்யை அளந்து கொடுத்தல் வேண்டும். ஆடுகள் இறப்பினும் மூப்பினும் குட்டிகளால் தொகை குறையாது காக்கப்படுமாதலின் அவற்றைச் 'சாவா மூவாப் பேராடு' என வழங்கினர். முதல் அழியாதிருக்க அதன் பயன் மட்டும் அறத்திற்குச் செல்லும் இவ்வேற்பாடு முன்னோரின் நுண்ணறிவிற்குச் சான்றாம்.

வல்லபர் துறவு

இவ்வூர்க் கல்வெட்டுக்களுள் நெஞ்சை உருக்குவது சதுரானன பண்டிதர் என்னும் மடத்துத் தலைவரைப் பற்றியது. இவர் முன்னாளில் வல்லபர் என்னும் பெயரினர், கேரள நாட்டினர், முதற் பராந்தக சோழன் மகனாகிய இராசாதித்தனுக்குப் படைத்துணைவராயும் உற்ற நண்பராயும் இருந்தவர். கி.பி. 949-இல் தக்கோலப் போரில் இராட்டிரகூட மன்னன் மூன்றாம் கிருட்டிணன் படையோடு பொருது, யானைமேலிருந்தவாறே இராசாதித்தன் உயிர் துறந்தான். தம் தலைவனோடு உடன் மடியும் பேறு வல்லபர்க்கு வாய்த்திலது. அத்துயரால் உலகை வெறுத்த அவர் கங்கையாடி, திருவொற்றியூரை அடைந்து, நிரஞ்சன குருவினிடம் துறவு பெற்று, சதுரானன பண்டிதர் என்னும் பெயரோடு மடத்தை நடத்துவாராயினர். பின்னர்த் தாம் பிறந்த நாண்மீன்தோறும் இறைவற்குச் சிறப்பு வழிபாடு நிகழப் பொன் அளித்தார்.

அவ்வறத்தைக் கூறும் கல்வெட்டு எவ்வேந்தன் ஆண்டினைக் குறித்துள்ளது என்பதை உற்று நோக்குதல் வேண்டும். தம் நண்பனை மாய்த்த படைக்கு உரிய அக்கிருட்டிணனது இருபதாம் ஆட்சியாண்டே (ஏறக்குறைய கி.பி. 959) அதில் பொறிக்கப்பட்டுள்ளது. தொண்டைநாடு அக்காலை அவன் ஆட்சியில் இருந்தமையே அதற்குக் காரணம். எனினும், பகையும் பழியும் உள்ளத்து எரியுமாயின் அவ்வெழுத்தை அத்துறவி எங்ஙனம் பொறுத்திருப்பர்? யான் எனது என்னும் செருக்கு அற்றார்க்கு நாட்டை ஆள்வோன் எவனாயினும் வழிபடப்படுவோன் ஒருவனே. சித்தாந்த நூல்கள் இருவினை ஒப்பு என்று கூறும் நிலையை இக்கல் ஒருவாறு விளக்குவதாகக் கொள்ளலாம்.

மடமும் மன்னரும்

சதுரானனர் என்பது அம்மடத்துத் தலைவர்க்கு வழிவழி வழங்கிய பெயராயிற்று. முதலாம் இராசேந்திர சோழன் காலத்தில், அப்பெயர் பூண்ட தலைவரின் முயற்சியால் கருவறை விமானம் கருங்கல்லாற் புதுக்கப்பெற்றது. அதனை அமைத்த சிற்பி வீரசோழத் தச்சன் எனப்படும் இரவி. மன்னன் பெயரோடு தச்சன் பெயரும் கல்லில் நிலைபெற்றது பெருமைக்குரியது. 12-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இரண்டாம் இராசாதிராசன் பங்குனி உத்திர விழாவில் மகிழின்கீழ் அமைந்த மண்டபத்திருந்து ஆளுடைய நம்பியின் புராணம் கேட்டமையை மற்றொரு கல்வெட்டுக் கூறும். சேக்கிழார் பெருமான் திருத்தொண்டர் புராணம் அருளியதும் அந்நூற்றாண்டிலேயே ஆதலின், அடியார் வரலாறு அரசரும் இருந்து கேட்கும் சிறப்பினை விரைவில் எய்தினமை புலனாம். வடமொழி இலக்கணம் பயிற்றுதற்கெனத் தனி மண்டபமும் நிலமும் இங்கு அமைந்திருந்தன. பட்டினத்தடிகள் சமாதி கொண்டதும் இவ்வூரின் கடற்கரையிலேயே. இராமலிங்க அடிகள் (1823–1874) வடிவுடையம்மையைப் பாடிப் பரவியதும் இங்கேயாம்.

இக்காலத்தார் கடமை

20-ஆம் நூற்றாண்டில் தொழிற்சாலைகள் பெருகின. 2021-இல் மெட்ரோ இரயிலும் வந்தது. இவை வாழ்வார்க்கு வேண்டுவனவே. ஆயினும் திருப்பணி என்னும் பெயரால் கல்வெட்டின்மேல் வண்ணம் பூசுதலும், மணல் வீச்சால் எழுத்தைத் தேய்த்தலும், புதுச்சுவரால் மறைத்தலும் எவ்வூர்க் கோயிலிலும் நிகழாவாறு காத்தல் வேண்டும். இவ்வூரில் படியெடுக்கப்பெற்றவை மட்டும் நூற்றுக்கு மேற்பட்டன. படி உளதாயினும் கல்லே முதற்சான்று. வல்லபர் துயரும் இரவியின் பெயரும் அக்கற்கள் இன்றேல் உலகினர்க்குத் தெரியா.

முன்னோர் வைத்த இச்செல்வம் இன்று வாழ்வார்க்கு ஒற்றியாக வந்ததே அன்றி உடைமையாக வந்ததன்று. பயனை நுகர்க, முதலை அழியற்க. மீட்க வருவோர் இனிப் பிறக்கும் மக்கள். அவர் கையில் இதனைக் குறைவின்றி ஒப்புவித்தலே ஒற்றியூர் உடையான் திருவடிக்குச் செய்யும் மெய்த்தொண்டாம்.